குதிரையின் பின்பாதி

அலெக்சாந்தர் ஏறிய குதிரையையும் நெப்போலியன் ஏறிய குதிரையையும் எங்கள் கோவில் பீடத்தில் சந்தியாகப்பர் ஏறி நிற்கிற வெள்ளைக் குதிரையையும் வரிசையாக நிறுத்தி, பின்பக்கமாக ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வாருங்கள். எங்கள் தபெர்னாஸ் ஊர் இந்தலேசியோ உசெரோவுக்கு ஈடான பின்பாதி ஒன்றுகூட அகப்படாது. அவர் ஓர் உதை விட்டால் ரோமில் டிக்கெட் வாங்கியவன் சிரிப்பான், பெர்லினில் டிக்கெட் வாங்காதவன்கூடச் சிரிப்பான். மனித குலம் நெருப்பைக் கண்டுபிடித்தது, சக்கரத்தைக் கண்டுபிடித்தது, மூன்றாவதாக இந்தலேசியோ மாமாவைக் கண்டுபிடித்தது. அதற்கு மேல் தேட ஒன்றும் இல்லாமல் ஓய்ந்துவிட்டது.

ஆகஸ்ட் திருவிழா மலரில் வருஷா வருஷம் ஊர்க்காரர் ஒருவரின் வாழ்க்கையைப் போடுவது வழக்கம். பங்குத்தந்தை, டாக்டர், கல்லறைக்கு நிலம் கொடுத்தவர், அந்த நிலத்தில் முதலாவதாகப் படுத்தவர் என்று எல்லாரும் வந்தாகிவிட்டது. பெரிய மனிதர்கள் தீர்ந்துபோனதால் இந்த வருஷம் எழுதுகிற வேலை என்னிடம் வந்தது. பின்னக் கணக்கு நடந்துகொண்டிருந்தபோதே பள்ளிக்கூடத்தைவிட்டு எழுந்து வந்தவள் நான். ஆனால் கையெழுத்து நன்றாக இருக்கும். ஒருமுறை தலைமை ஆசிரியரின் கையெழுத்தில் நான் எழுதி ஒட்டிய விடுமுறை அறிவிப்பைப் பள்ளிக்கூடமே இரண்டு நாள் நம்பியது.

இந்தலேசியோ மாமா பிறந்தது மலையைக் குடைந்த வீட்டில். ஒன்பது வயதில் எஸ்பார்த்தோ புல் பிடுங்கப் போனார். அது குனிந்து பிடுங்க வேண்டிய புல். இருபது வருஷம் குனிந்தே இருந்தார். நடுவில் ராணுவம் அவரைக் கடல் தாண்டி மெலில்லாவுக்குக் கொண்டுபோய் நிமிர்த்திப் பார்த்தது, முடியவில்லை. ஒருமுறை ஜெர்மனிக்குத் தொழிற்சாலை வேலைக்குப் போனார். மூன்றே மாதத்தில் திரும்பி வந்தார். ஏன் என்று கேட்டால், அங்கே மழை பெய்கிறது என்பார். எங்கள் ஊரில் அது போதுமான காரணம். பிறகு பதினாறு ஆடு வாங்கி மேய்த்தார்.

அப்போதுதான் இத்தாலிக்காரர்கள் லாரிகளில் வந்து எங்கள் வறண்ட ஓடையில் மரத்தால் ஒரு தெரு கட்டினார்கள். முன்னால் வங்கி, சாராயக்கடை, ஷெரீப் ஆபீஸ். பின்னால் முட்டுக்கொடுத்த கட்டைகளும் எங்கள் ஆடுகளும். ஆரம்பத்தில் எடுத்ததெல்லாம் முறைக்கிற கௌபாய்ப் படங்கள். ஆளுக்கொரு சுருட்டைக் கடித்துக்கொண்டு ஒருவரை ஒருவர் கால் மணி நேரம் முறைப்பார்கள், பிறகு நாங்கள் எல்லாரும் சாவோம். அந்தக் காலத்தில் நூறு குதிரை வந்தது. பார்க்கிறவர்களுக்கு முறைப்பு அலுத்துப்போகவும், அதே தெருவில் அதே தூக்குமரத்தடியில் அந்தப் படங்களையே கேலி செய்கிற படங்களை எடுக்க ஆரம்பித்தார்கள். எலிக்குப் பயப்படுகிற ஷெரீப், வங்கியைக் கொள்ளையடிக்க வரிசையில் நின்று தன் முறைக்குக் காத்திருக்கிற கொள்ளைக்காரன், சாப்பாட்டு மணி அடித்ததும் துப்பாக்கியை உறையில் போட்டுவிட்டு ஒன்றாகச் சாப்பிடப் போகிற இரண்டு எதிரிகள். எங்களுக்குப் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. முறைப்புப் படத்தில் சுட்டதும் விழுவோம். சிரிப்புப் படத்தில் சுட்டதும் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, விழ ஒரு சுத்தமான இடம் பார்த்து விழுவோம். சிரிப்புப் படத்துக்குப் பணம் குறைவு என்பது மட்டும் தெரிந்தது. முதலில் நின்றுபோனது குதிரைகள்தான். எங்கள் தயாரிப்பாளர் பழுப்புக் கம்பளியில் ஒரு குதிரை தைக்கச் சொன்னார். உள்ளே இரண்டு பேர். அது கதாநாயகனின் குதிரை. படத்தில் யாரும் அதைக் கண்டு ஆச்சரியப்படக் கூடாது என்பதுதான் வேடிக்கை.

முன்பாதிக்கு ஆள் சுலபமாகக் கிடைத்தது. ரொட்டிக்கடைக்காரரின் தம்பி மெல்ச்சோர். அது கண் தெரிகிற இடம், காற்று வருகிற இடம். பின்பாதிக்கு வந்தவர்கள் எல்லாரும் பத்து நிமிஷத்தில் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தார்கள். மாமா மட்டும் உள்ளே போனவர், சாப்பாட்டு நேரம்வரை வரவில்லை. எட்டிப் பார்த்தால் தூங்கிக்கொண்டிருந்தார், குனிந்தபடியே. அங்கேயே அவருக்கு வேலை கொடுத்தார்கள்.

பின்பாதிக்குக் கண் கிடையாது. முன்னால் இருக்கிற மெல்ச்சோர் திட்டத் திட்ட இவர் நடக்க வேண்டும். வலதுகாலுக்கு ஒரு கெட்ட வார்த்தை, இடதுகாலுக்கு இன்னொன்று, உதைக்க வேண்டுமென்றால் மெல்ச்சோரின் மாமியார் பெயர். சத்தமாகவே திட்டலாம், ஏனென்றால் எங்கள் படங்களில் ஒலிப்பதிவே கிடையாது. கதாநாயகன் இத்தாலியன், வில்லன் ஜெர்மன்காரன், கதாநாயகி எந்த ஊர் என்று அவளுக்கே மறந்துவிட்டது. மூன்று பேரும் அவரவர் மொழியில் பேசிக்கொள்வார்கள். குரலையெல்லாம் பிறகு ரோமில் ஒட்டிக்கொள்வார்கள். எங்களுக்கு வேலை வாயை அசைப்பது மட்டும். ஒன்று இரண்டு என்று எண்ணலாம், ஜெபம் சொல்லலாம். வங்கிக் கொள்ளைக் காட்சியில் எங்கள் ஊர் ஜனங்கள் கைகளைத் தூக்கிக்கொண்டு நடுங்கி நடுங்கிப் பேசியது முழுவதும், அந்த வாரம் வாய்க்கால் தண்ணீரைத் தன் முறைக்கு முன்னால் திருப்பிவிட்டவன் யார் என்பதைப் பற்றி.

இப்படிப் பேசியது என்னவென்று படம் திரைக்கு வந்த பிறகும் முழுசாகத் தெரிந்த ஒரே ஆள் கசில்தா அக்கா. அவளுக்குக் காது கேட்காது. ஒன்பது வயதில் காய்ச்சல் வந்து போனபோது காதையும் எடுத்துக்கொண்டு போய்விட்டது. உதட்டைப் பார்த்தே பேச்சைப் படித்துவிடுவாள். எங்கள் ஊர்க் கொட்டகையில் எல்லாரும் ஷெரீப்பின் வசனத்துக்குச் சிரிக்கும்போது, அவள் மட்டும் கூட்டத்தில் நிற்கும் தண்ணீர்த் திருடனைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொள்வாள். படங்களுக்கு உடை தைப்பவள் அவள். பக்கத்து வீடு. அவளிடம் குரல் இல்லாமல் வாயை மட்டும் அசைத்துப் பேசியே நான் வளர்ந்தேன், உதடு படிக்கவும் அப்படியே கொஞ்சம் பழகிக்கொண்டேன். பிரசங்க நேரத்தில் அது ரொம்பப் பயன்பட்டது.

இந்தலேசியோ மாமாவுக்கு கசில்தா அக்காமேல் ஆசை. அது ஊரில் தெரிந்தவர்களுக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் குழாயடியில், தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு அவள் முன்னால் வந்து நிற்பார். கால் மணி நேரம் பேசுவார். வாரம் முழுவதும் இருட்டில் குனிந்துகொண்டு யோசித்து வைத்ததாக இருக்கும். அவள் கேட்டுவிட்டு மூன்று நான்கு முறை தலையாட்டுவாள், குடத்தை எடுத்துக்கொண்டு போவாள். நாலு வருஷம்.

இங்கே நான் ஒரு பாவத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். அந்த நாலு வருஷத்துக்குச் சற்று முன்னால், அவர் குழாயடிக்கு வர ஆரம்பிக்கும் முன், எனக்குப் பன்னிரண்டு வயது. அப்போது மாமாவுக்கு மெல்லிசாக ஒரு மீசை. மீசை இல்லாத ஆம்பளையைப் பார்த்தால் உரித்த கோழியைப் பார்த்த மாதிரி இருக்கிறது என்று கசில்தா அக்கா சொன்னதாக அவரிடம் போய்ச் சொன்னேன். அக்கா அப்படிச் சொல்லவே இல்லை. அவர் முகத்தில் என்ன முளைக்கிறது என்று பார்க்கிற ஆசை, அவ்வளவுதான். முளைத்தது. வாயை மூடிக்கொண்டு தாடைவரை தொங்குகிற ஒரு துடைப்பம். சூப் குடித்தால் பாதி அதற்குத்தான் போகும். ஊர் சிரித்தது, நானும் சிரித்தேன். பிறகு வேறு குறும்புகள் வந்ததில் அது மறந்துபோயிற்று.

போன வருஷம் அக்டோபரில், கசில்தா அக்கா வீட்டில் அவளுக்கு ஊசியில் நூல் கோத்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். திடீரென்று கேட்டாள்.

"அந்த இந்தலேசியோ ஞாயித்துக்கிழமை தவறாம என்கிட்ட என்னதான் சொல்றாரு? ஆடு வாங்கச் சொல்றாரா?"

புரியவில்லையா என்று உதட்டை அசைத்தேன்.

"அந்தத் தொடப்பத்துக்குப் பின்னாடி இருக்கறத எப்படிப் படிக்கிறது? நாலு வருஷமா தலையாட்டிட்டு வரேன். நல்ல மனுஷன். புரியலன்னு சொன்னா மனசு நோவும்."

சொல்லிவிட்டு, மூலையில் இருந்த தகரப் பெட்டியை எனக்குக் காட்டினாள். பார்சிலோனாவில் துணி மில்லில் வேலை செய்கிற அண்ணன் கூப்பிட்டிருக்கிறான். வருகிற ஞாயிற்றுக்கிழமை பேருந்து. இங்கே எனக்கு யார் இருக்கா என்று அவள் கேட்கவில்லை. பெட்டிக்குள் மடித்து வைத்திருந்த விதத்தில் அது தெரிந்தது.

மறுநாள் மெல்ச்சோரிடம் போய் இந்தக் கதையைச் சிரிப்பாகச் சொல்ல ஆரம்பித்தேன். அவன் சிரிக்கவில்லை. குதிரைக்குள் நடப்பது குதிரைக்குள்ளேயே இருக்க வேண்டும் என்று மூன்று தடவை சத்தியம் வாங்கிக்கொண்டு சொன்னான். இந்தலேசியோ ஆகஸ்டிலேயே கசில்தாவிடம் கல்யாணத்துக்குக் கேட்டாயிற்றாம். அவள் சம்மதித்தாயிற்றாம். அவள் அம்மாவுக்கான இரண்டு வருஷத் துக்கக் கறுப்பு இந்த மாதக் கடைசியில் முடிகிறது. கறுப்பில் இருக்கிற பெண்ணின் கல்யாணத்தைப் பற்றி வாய் திறப்பது மரியாதை இல்லை, அதனால்தான் யாருக்கும் சொல்லவில்லையாம்.

அதாவது, ஒரு மனுஷன் தனக்குப் பெண் நிச்சயமாகிவிட்டது என்று இருக்கிறார். அந்தப் பெண் பேருந்து டிக்கெட் வாங்கி வைத்திருக்கிறாள். நடுவில் ஒரு மீசை நிற்கிறது. அதை நட்டது நான்.

நேராகப் போய் அவரிடம் சொல்லிவிட வேண்டியதுதானே என்பீர்கள். போனேன். மலை வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்துக்கொண்டிருந்தார். மீசையெல்லாம் வெள்ளைப் புள்ளி. என்னைப் பார்த்ததும் ஏணியிலிருந்து இறங்கி, உள்ளே கூட்டிக்கொண்டு போய் ஓர் இரும்புக் கட்டிலைக் காட்டினார். அல்மெரியாவில் வாங்கி, கோவேறு கழுதைமேல் கட்டி இருபது மைல் நடத்திக் கொண்டுவந்திருக்கிறார். தலைமாட்டில் பித்தளைக் குமிழ் நாலு. ஒன்றைத் திருகிக் காட்டினார், கழன்று வந்தது, மறுபடியும் பத்திரமாக மாட்டினார். யாருக்காகக் கட்டில் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. நல்ல கட்டில் மாமா என்று சொல்லிவிட்டு வந்தேன்.

கசில்தா அக்காவிடமாவது சொல்லியிருக்கலாம். என் வாயால் சொன்னால் அது என் அடுத்த குறும்பாகத்தான் போய்ச்சேரும். நான் சொன்னதை நம்பி எங்கள் ஊரில் யாரும் குடைகூட எடுக்க மாட்டார்கள், கல்யாணம் எங்கே செய்துகொள்வது. அவர் வாயால் வர வேண்டும். அந்த வாய் வெளியே தெரிய வேண்டும்.

வியாழக்கிழமை எடுக்கிற காட்சியில் சவப்பெட்டிக்காரராக வர வேண்டிய மலகா நடிகர் வயிற்றுப்போக்கு வந்து ஊருக்குப் போய்விட்டார். மொழிபெயர்ப்பாளர் செராஃபின் ஐயா என்னைக் கூப்பிட்டு, குதிரையின் பின்பாதியை நாளைக்கு முகத்தோடு வரச் சொல், டைரக்டர் கேட்டார் என்று சொல்லியனுப்பினார். ஒன்பது படத்துக்குப் பிறகு மாமாவுக்கு ஒரு முகம் கிடைக்கப்போகிறது. நான் ஓடிப்போய்ச் சொன்னேன். கூடவே ஒரு வாக்கியம் என் சொந்தச் செலவில் சேர்த்தேன். மீசையை வழித்துவிட்டு வரச் சொன்னார்கள்.

மாமா மீசையைத் தடவிக்கொண்டார். அப்புறம், "கசில்தாவுக்குப் பிடிக்காதே," என்றார்.

"திரும்ப வளரும் மாமா. முகம் ஒரு தடவதான் வரும்."

காலையில் நாவிதர் வழித்து எடுத்தார். எடுத்ததை ஒரு காகிதத்தில் பொட்டலம் கட்டிக் கொடுத்தாராம், அடக்கம் பண்ணிக்கொள் என்று. அடியில் உதடு ஆட்டுப் பாலாடைக்கட்டி மாதிரி வெள்ளையாக இருந்தது. மாமா அதைக் கழுத்துத் துணியால் சுற்றி மூடிக்கொண்டு, திருடப் போகிறவர் மாதிரி படப்பிடிப்புக்கு வந்தார். துணியை எடுங்கள் என்றார்கள். எடுத்தார்.

டைரக்டர் பால்தினி தலைத்தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். அந்த மனிதர் சிரிப்புப் படம் எடுக்கிறவர், ஆனால் சிரித்து நாங்கள் பார்த்ததில்லை. நடந்தது இதுதான். காட்சியே மீசையை வைத்துத்தான். இரண்டு பேர் நடுத்தெருவில் துப்பாக்கிச் சண்டைக்கு நிற்கிறார்கள். சவப்பெட்டிக்காரர் சாவகாசமாக நாடாவை எடுத்துக்கொண்டு வந்து ஒருவரை அளக்கிறார், ஒரு கோப்பைப் பால் குடிக்கிறார், மீசை வெள்ளையாகிறது, வெள்ளை மீசையோடு அடுத்தவரை அளக்கப் போகிறார். அந்த மீசைக்காகத்தான் பால்தினி அவரையே கேட்டிருக்கிறார். மீசையை எடுக்கச் சொன்னது யார் என்று செராஃபின் ஐயா மூன்று மொழியில் கத்தினார். நான் ஒரு சாரட்டு வண்டிக்குப் பின்னால் இருந்தேன். மாமா என் பக்கம் திரும்பவில்லை. நானாத்தான் எடுத்தேன், வெக்கையா இருந்துச்சு என்றார்.

ஒட்டுமீசை வேண்டும். இருந்த ஒட்டுமீசைகள் எல்லாம் கொள்ளைக்காரர்களுக்கான மெல்லிசு. பால்தினி சுற்றுமுற்றும் பார்த்தார். சுவரில் சாய்ந்து மடங்கிக் கிடந்த கம்பளிக் குதிரையின் வாலைப் பிடித்து, கத்தரிக்கோலால் ஒரு பிடி வெட்டினார். அதைச் சல்லாத் துணியில் தைக்கச் சொல்லி கசில்தா அக்காவிடம் கொடுத்தார்கள். ஒன்பது படங்களாக எந்த வாலுக்குக் கீழே குனிந்திருந்தாரோ, அந்த வாலே இப்போது அவர் மூக்குக்குக் கீழே வந்து உட்கார்ந்தது. பழையதைவிடப் பெரிய துடைப்பம்.

நான் போட்ட திட்டம் அவ்வளவுதான், முடிந்தது. ஒப்பனைக்காரி மிரெல்லா மீசையை ஒட்டிவிட்டு, காயும்வரை வாயைத் திறக்கக் கூடாது என்று சைகை காட்டிவிட்டுக் கதாநாயகியின் கூடாரத்துக்குப் போய்விட்டாள். கழன்றால் திரும்ப ஒட்டுகிற வேலை, தைத்தவள் என்ற முறையில் கசில்தா அக்காவுடையது. மிரெல்லா ஒட்ட ஆரம்பித்தபோதே, கோந்துக் குப்பியைப் பிடித்துக்கொள்ள யாராவது வேண்டும் என்றார்கள். நான் அந்தக் காட்சியில் வேடிக்கை பார்க்கிற கூட்டத்தில் மூன்றாவது விதவை. கை சும்மாதான் இருந்தது.

முதல் தடவை பால் கோப்பையை வாயருகே கொண்டுபோனபோதே மீசை கோப்பைக்குள் விழுந்தது. எங்கள் ஊர் வெயில் அப்படி. அக்டோபர் என்று பெயர்தான், அதற்கு மேல் எதிரில் தகரத் தட்டி வைத்து வெயிலை முகத்தில் திருப்புகிறார்கள். கோந்து உருகாமல் என்ன செய்யும். இயற்கை, கடவுள் செயல் என்று எழுதிக்கொள்கிறேன். கசில்தா அக்கா வந்தாள், ஈரத்துணியால் அவர் உதட்டைத் துடைத்தாள், மீசையை ஒட்டினாள், போனாள். மாமா வாயை இறுக மூடிக்கொண்டு வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இரண்டாவது தடவை ஷெரீப்பின் தோளை அளக்கும்போது ஒரு பக்கம் தொங்கியது. மறுபடியும் அக்கா. மறுபடியும் வானம். இந்த மனுஷன் வாயைத் திறக்கவே மாட்டாரா.

மூன்றாவது தடவை பாதி வசனத்தில் விழுந்தது. வசனம் என்றால் அவர் பரலோக மந்திரம் சொல்லிக்கொண்டிருந்தார். பால்தினி தலையில் கை வைத்துக்கொண்டு, காமிராவை நிறுத்தச் சொல்லவும் தோன்றாமல் உட்கார்ந்துவிட்டார். அக்கா வந்தாள். சவப்பெட்டி ஒன்று நிமிர்த்தி வைத்திருந்தது. அதில் மாமாவைச் சாய்த்து நிறுத்தி, ஒரு சாண் தூரத்தில் நின்று, உதட்டில் இருந்த கோந்துப் பிசிரைப் பார்த்துப் பார்த்து எடுத்தாள். நாலு வருஷத்தில் முதல் தடவையாக அவள் கண் அவர் வாயிலேயே இருந்தது, தொழில் காரணமாக.

மாமா இந்த முறை வாயைத் திறந்தார். வெட்கத்தைச் சமாளிக்கத்தான் ஏதாவது பேச நினைத்திருக்க வேண்டும். மெதுவாக, வீட்டு விஷயம் பேசுகிற மாதிரி கேட்டார்.

"கட்டில் வந்தாச்சு. ஜன்னலுக்குக் கீழ போடவா, சுவரோரமா போடவா?"

அக்காவின் கை நின்றது.

அவள் குரல் அவளுக்குக் கேட்காது. அதனால் எதைச் சொன்னாலும் மலைக்கு அந்தப் பக்கம் வரைக்கும் போகும். "என்ன கட்டில்? யாரு கட்டில்?"

தெருவில் எல்லாரும் திரும்பினார்கள். சண்டைக்கு நின்ற இரண்டு பேரும் துப்பாக்கியை இறக்கினார்கள்.

"நம்ம கட்டில்," என்றார் மாமா. "கல்யாணத்துக்கு."

"யாருக்குக் கல்யாணம்?"

"ஆகஸ்ட்ல கேட்டேனே. மாதா திருநாள் அன்னைக்கு, குழாயடியில. நீ தலையாட்டினியே."

"நான் எல்லாருக்குந்தான் தலையாட்டுவேன். பால்காரனுக்கும் ஆட்டுவேன், போலீஸ்காரனுக்கும் ஆட்டுவேன். உங்க மீசைக்குப் பின்னாடி நீங்க என்ன சொன்னீங்கன்னு யாரு கண்டா?" கையிலிருந்த மீசையை அவர் முன்னால் ஆட்டினாள். "ஞாயித்துக்கிழமை நான் பார்சிலோனா போறேன். டிக்கெட் எடுத்தாச்சு."

சிரிப்புப் படம் எடுக்கிற இடம் அது. நாற்பது பேர் இருந்தோம், ஒருவருக்கும் சிரிப்பு வரவில்லை. பால்தினி மட்டும், ஒரு வார்த்தையும் புரியாமல், காமிராக்காரரைப் பார்த்து நிறுத்தாதே நிறுத்தாதே என்று கையைச் சுழற்றிக்கொண்டிருந்தார். மாமா வெள்ளை உதட்டோடு அந்தப் பெட்டிக்குள் நின்றார். அவர் கணக்குப் போடுவது முகத்திலேயே தெரிந்தது. நாலு வருஷம், வருஷத்துக்கு ஐம்பத்திரண்டு ஞாயிறு. ஒன்றுகூடப் போய்ச்சேரவில்லை.

"ஒண்ணுமே கேக்கலையா?" என்றார்.

"எனக்குத்தான் கேக்காதே," என்றாள் அக்கா. இந்தத் தடவை சின்னக் குரலில். அவளுக்குச் சின்னக் குரல் உண்டு என்று அன்றைக்குத்தான் எங்களுக்குத் தெரியும்.

மாமா தலையாட்டினார். ஷெரீப்பின் தோள்மேல் கிடந்த அளவு நாடாவை எடுத்து ஒழுங்காகச் சுற்றி, பெட்டிமேல் வைத்தார். குதிரை கிடக்கிற பக்கம் நடக்க ஆரம்பித்தார். போய்விடுவார், அந்தக் கம்பளிக்குள் புகுந்துகொண்டு இனிமேல் வெளியே வரவே மாட்டார் என்று எனக்குத் தோன்றியது. பத்தடி போயிருப்பார்.

"எங்க போறீங்க? சொல்லுங்க," என்றாள் அக்கா.

அவர் திரும்பினார். "எத?"

"எல்லாத்தையும். முதல் ஞாயித்துக்கிழமையிலேருந்து."

அவள் சவப்பெட்டி மூடியைத் தரையில் போட்டு அதில் உட்கார்ந்தாள். பக்கத்தில் இடம் விட்டாள். அவர் வந்து, பக்கத்தில் இல்லாமல் எதிரில் உட்கார்ந்தார். அதற்குள் அவருக்குப் புரிந்துவிட்டது, எங்கே உட்கார்ந்தால் தெரியும் என்று.

முதல் ஞாயிறு மழையைப் பற்றி. ஜெர்மனி மழை. இரண்டாவது ஞாயிறு, அவள் தைத்த நீலச் சட்டை ஒன்று நன்றாக இருந்ததைப் பற்றி. மூன்றாவது, ஆடுகளின் பெயர்கள். பதினாறு பெயரையும் வரிசையாகச் சொன்னார். ஆடு விக்கத்தான் வந்தீங்கன்னு நான் நெனச்சது அப்ப தப்பில்லையே என்று அக்கா நடுவில் கேட்டாள். முதல் வருஷத்தின் தவக்காலம் வந்தபோது பால்தினிக்குப் பொறுமை போய், இருவரையும் எழுப்பி, மீசை இல்லாமலேயே காட்சியை எடுத்து முடித்தார். ரோமில் அதற்கு ஒட்டிய வசனம், அஞ்சடி ஏழங்குலம், தொப்பியோடு ஆறடி என்பதுதான். இந்த ஜூலையில் படம் எங்கள் ஊருக்கு வந்தபோது சனம் அதற்குச் சிரித்தது. கசில்தா அக்கா முன் வரிசையில் உட்கார்ந்து, மாமா உதட்டில் ஓடிய வேறு ஒன்றைப் படித்துக்கொண்டிருந்தாள். என்னவென்று நான் எழுத மாட்டேன். எனக்கும் படிக்கத் தெரியும், ஆனாலும் எழுத மாட்டேன்.

வெள்ளியும் சனியும் வேலை முடிந்ததும் அவள் வீட்டு வாசலில் நாற்காலி போட்டு மிச்சத்தைச் சொன்னார். ஊர் அந்த வழியாக வேலையில்லாமல் போய்க்கொண்டும் வந்துகொண்டும் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு இரண்டாவது வருஷத்தின் பாதாம் அறுப்புவரைக்கும்தான் வந்திருந்தார். தகரப் பெட்டி பக்கத்தில் தயாராக இருந்தது. பேருந்து வந்து சதுக்கத்தில் நின்று ஹார்ன் அடித்தது. அவள் அதற்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள். இன்னொரு தடவை அடித்தது. மாமாவுக்குக் காது நன்றாகக் கேட்கும். பேச்சை நிறுத்தி, பேருந்து வந்திருக்கிறது என்று அவளிடம் சொன்னார். அவர் அப்படிப்பட்ட மனுஷன்.

"தெரியும்," என்றாள் அக்கா. "அறுப்பு நாளன்னைக்கு என்ன சொன்னீங்க, அதச் சொல்லுங்க."

ஜனவரியில் கல்யாணம். கட்டில் ஜன்னலுக்குக் கீழே. மாமா இப்போதும் குதிரையின் பின்பாதிதான், அந்த ஒரு முகத்துக்குப் பிறகு அவருக்கு வேறு முகம் வரவில்லை. தினமும் காலையில் சவரம் செய்துகொண்டுதான் குதிரைக்குள் போகிறார்.

இதையெல்லாம் ஊராட்சி ஆபீசில் கொடுப்பதற்கு முன்னால் சம்பந்தப்பட்டவரிடம் வாசித்துக் காட்ட வேண்டும் என்று விதி. நேற்று மத்தியானம் மலை வீட்டுக்குப் போய் வாசித்தேன். அவர் மத்தியானச் சாப்பாட்டுக்கு வாணலியில் மிகாஸ் மாவைக் கிளறிக்கொண்டே கேட்டார். மீசை வளர்க்கச் சொன்ன இடம் வந்தபோது, அத இன்னொரு தடவ படி என்றார். படித்தேன். கரண்டியை ஓரமாக வைத்துவிட்டுச் சிறிது நேரம் என்னையே பார்த்தார். பிறகு கரண்டியை எடுத்துக்கொண்டார். கடைசிவரை வாசித்து முடித்தேன்.

"எல்லாம் சரி புள்ள," என்றார். "வெயில்னு எழுதியிருக்கியே, அதத்தான் மாத்தணும்."

வெயில்தானே மாமா, அக்டோபர்ல கூட என்ன வெயில் அடிச்சுது என்றேன்.

"அந்தக் குதிரைக்குக் காது ஒட்டினது அதே கோந்துதான். ஒன்பது படம், ஆகஸ்ட் வெயில்லயும் எடுத்தாங்க, ஒரு காது விழல." வாணலியை இறக்கினார். "அன்னைக்கு மூணு தடவையும் என் உதட்டுல ஆலிவ் எண்ணெய் இருந்துச்சு. கடை எண்ணெய் இல்ல, உங்க வீட்டு எண்ணெய். உங்க மரத்துக் காய் லேசாக் கசக்கும். கோந்துக் குப்பியப் பிடிச்சிட்டு நின்னது யாரு, அதையும் எழுது."